தம்பிக்குப் பெண் தேடிய ஊர்

கல்யாணமான புதிதில், ஒரு விடிகாலை மழைக்கு நான் செய்த கூத்தை என் கணவர் இன்றைக்கும் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பார். அவர்களுடையது சுசீந்திரம் பக்கம் வயலை நம்பி இருந்த குடும்பம். நாற்று நட்டுவிட்டு எல்லோரும் வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்த நேரம் அது. விடிகிற சமயத்தில் மழை பிடித்ததும் மாமனார் முற்றத்தில் இறங்கி நின்று நனைந்துகொண்டே சிரித்தார். நான் அடுக்களையிலிருந்து ஓடி வந்து தலையில் கை வைத்து, "ஐயோ, இன்னைக்கும் வேலை போச்சே!" என்று கத்திவிட்டேன். வீடே திரும்பி என்னைப் பார்த்தது. மழையைப் பார்த்து ஒப்பாரி வைக்கிற மருமகளை அந்த வயற்காட்டில் அதுவரை யாரும் பார்த்ததில்லை.

என் மேல் தப்பில்லை. நான் பிறந்தது ரப்பர் தோட்டத்தில். விடியும் முன்பே தலையில் விளக்கு மாட்டிக்கொண்டு போய் மரத்தில் பால் வெட்டுகிறவர்களின் ஊர். காலையில் மழை பெய்தால் பட்டை நனைந்துவிடும், பால் சிரட்டைக்குள் விழாமல் மரத்தில் வழிந்தோடிவிடும், அன்றைக்கு வெட்டு கிடையாது. வயல்காரனுக்கு வரம் என்றால் எங்களுக்கு அது வயிற்றிலடி. அப்பா கட்டிலில் உட்கார்ந்து மழையைத் திட்டுவதைக் கேட்டு வளர்ந்தவள் நான். என் வாயில் வேறு என்ன வரும்?

குலசேகரத்தில் பஸ் ஏறி, வளைவு வளைவாக மேலே போனால் ரோடு முடிகிற இடத்தில் எங்கள் ஊர். ஒரு காலத்தில் வெறும் காடு. காட்டை வெட்டி ரப்பர் நட்டபோது, கீழே அருமனைப் பக்கமிருந்தும் வயல் பக்கமிருந்தும் ஆட்கள் வேலைக்கு ஏறினார்கள். என் அப்பாவும் அம்மாவும் கல்யாணமான கையோடு ஏறினவர்கள். லைன் வீடுகள் என்று நாங்கள் சொல்கிற, வரிசை வரிசையான ஓட்டு வீடுகள், பால் அளக்கிற கொட்டகை, பாலை உறையவைத்து ரப்பர் ஷீட் போடுகிற ஆலை, அந்த ஷீட்டைப் புகையில் காயப்போடுகிற புகைக்கூடு, ஆபீஸ், பள்ளிக்கூடம். நேரம் சொல்ல ஆலையில் ஒரு சங்கு. அந்தச் சங்குக்கு நாங்கள் எழுந்தோம், சாப்பிட்டோம், தூங்கினோம். ஊரே சாயங்காலம் ஏழு மணிக்குப் படுத்துவிடும். கீழே இருக்கிறவர்கள் எங்களைக் கோழி ஜாதி என்று கேலி செய்வார்கள்.

அது சொர்க்கம் என்று சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்கிறவர்களை மழைக்காலத்தில் ஒரு வாரம் அங்கே கொண்டு போய் விடவேண்டும். அட்டை காலில் ஏறி இரத்தம் குடித்து, தானாகவே உருண்டு விழும்வரை தெரியாது. சிரட்டையில் ஒட்டி உறைந்த ஒட்டுப்பால் மூட்டைகளின் நாற்றம் துணியில், முடியில், சோற்றில்கூட இருக்கும். பஸ்ஸில் எங்கள் ஊர்க்காரர் ஏறினால் பக்கத்தில் இருப்பவர் மூக்கைப் பொத்துவார். ரப்பர் பால் பட்ட துணி என்ன செய்தாலும் வெளுக்காது. சொட்டுச் சொட்டாகக் கறுத்துப்போய் இருக்கும். எங்கள் வீட்டில் கறையில்லாத துணி என்றால் அது பெட்டிக்குள் இருக்கிற துணி.

ஆனாலும் ஒரு காலத்தில் அந்த ஊருக்கு ஒரு மவுசு இருந்தது. மூன்று சாயாக்கடை, இரண்டு தையல்கடை, ஒரு சலூன். மேட்டில் சர்ச், ஆற்றோரம் அம்மன் கோயில், அதற்குக் கொஞ்சம் தள்ளி அய்யாவழிக்காரர்கள் கும்பிடுகிற நிழல்தாங்கல். தீபாவளிக்கும் கிறிஸ்மஸுக்கும் நாகர்கோவில் ஜவுளிக்காரர்கள் வேன் போட்டு மேலே வருவார்கள். எங்கள் ஊர் எவ்வளவு உயரத்தில் இருந்தது என்று தெரிய வேண்டுமானால் கல்யாணத் தரகரைக் கேட்க வேண்டும். "தோட்டத்து மாப்பிள்ளை உண்டா?" என்று கீழ்நாட்டிலிருந்து பெண்ணைப் பெற்றவர்கள் தேடி வந்த காலம் அது. நிரந்தர வேலை, குடியிருக்க வீடு, சும்மா கிடைக்கிற விறகு, வேறு என்ன வேண்டும்? மேலே வந்த மருமகள்களால் லைன் வீடுகள் நிரம்பின. எனக்கும் அந்த மவுசில்தான் சுசீந்திரத்திலிருந்து சம்பந்தம் வந்தது. என் மூஞ்சியைப் பார்த்து வந்தது என்று நான் நினைத்துக்கொண்டதைக் கணவர் சீக்கிரமே திருத்திவிட்டார்.

பிறகு இறக்கம். யார் மேலும் பழி போட முடியாத இறக்கம். மரத்துக்கு வயதாகிவிட்டது. வயதான மரம் பால் தராது, வெட்டினார்கள். வெட்டின இடத்திலெல்லாம் மறுபடி நடவில்லை. தோட்டத்து வீடு வேலையில் இருக்கும்வரைதான் நமக்கு. ஓய்வு பெற்ற அன்று சாவியைக் கொடுத்துவிட்டு இறங்க வேண்டும். இறங்கினவர்களின் பிள்ளைகள் படித்துவிட்டுத் திருவனந்தபுரத்துக்கும் கல்ஃபுக்கும் போனார்கள். அந்தப் பிள்ளைகள் படிக்க வேண்டும் என்றுதானே அவர்கள் விடியுமுன் எழுந்து அட்டைக்கடி வாங்கினது. படித்த பிள்ளை திரும்பி வந்து கத்தி பிடிக்கவில்லை என்று எப்படிக் குறை சொல்ல முடியும்? ஆலை கீழே போனது, அதோடு சங்கும் போனது. பள்ளிக்கூடத்தை வேறொரு பள்ளிக்கூடத்தோடு சேர்த்தார்கள். சலூன்காரர் தலை கிடைக்காமல் குலசேகரத்துக்கு இறங்கினார். பூட்டிப் போட்ட வீடுகளின் ஓட்டுக்குள் கொடி ஏறியது. வேலிக்கு அப்பால் நின்ற யானை, முற்றம்வரை வந்து வாழையைத் தின்றுவிட்டுப் போனது.

கடைசியில் ஒன்பது வீட்டில்தான் ஆள் இருந்தது. அதில் ஒரு வீட்டில் என் தம்பி.

எனக்கும் அவனுக்கும் பன்னிரண்டு வயது வித்தியாசம். அவன் தவழ்கிற காலத்தில் நான்தான் இடுப்பில் தூக்கிச் சுமந்தேன், அதனால் அவனைப் பற்றி நான் பேசினால் கொஞ்சம் தள்ளுபடி செய்துதான் கேட்க வேண்டும். அப்பாவுக்குப் பின் அவனுக்குத் தோட்டத்தில் வேலை கிடைத்தது. நல்ல வேலைக்காரன், குடி கிடையாது, வம்பு கிடையாது, கூடவே வாயும் கிடையாது. அம்மா இருந்தவரை இரண்டு பேருக்கும் சேர்த்து அவள் பேசினாள். அவள் போன பிறகு அந்த வீட்டில் சத்தம் நின்றுவிட்டது. ஒரு நாள் சாயங்காலம் நான் போன் செய்தபோது அவன் குரல் கரகரத்தது. சளி பிடித்திருக்கிறதா என்று கேட்டேன்.

"இல்ல அக்கா. இன்னைக்கு இப்பத்தான் வாயத் திறக்கேன். அதாக்கும்" என்றான்.

அவன் அதைக் கஷ்டமாகச் சொல்லவில்லை. சாதாரணமாகச் சொன்னான். எனக்கோ, இப்படியே போனால் இவன் பேச்சையே மறந்துவிடுவான் என்று பயம் பிடித்துக்கொண்டது. நாற்பதை நெருங்குகிற ஒருவன் காலையில் ஒரு தடவை பொங்கி மூன்று நேரம் அதையே தின்று, ஆளில்லாத வீடுகளுக்கு நடுவில் ஏழு மணிக்குப் படுத்துக்கொள்கிறான். அவனுக்கு ஒரு துணை வேண்டும். அதன் பிறகு எனக்கு வேறு நினைப்பே இல்லை.

ஆனால் தோட்டத்து மாப்பிள்ளையின் காலம் போய்விட்டிருந்தது. பழைய தரகரே என்னைக் கண்டால் ரோட்டின் மறுபக்கம் போனார். எங்கள் பக்கத்தில் பெண் கொடுக்கும் முன்னால் பெண் வீட்டார் மாப்பிள்ளை வீட்டைப் பார்க்க வருவது வழக்கம். பெண் பார்ப்பதைவிடக் கடுமையான பரீட்சை அது. கிணற்றில் வெள்ளம் உண்டா, கக்கூஸ் எங்கே, அக்கம்பக்கம் எப்படி என்று எல்லாம் பார்ப்பார்கள். அப்படி ஒரு குடும்பம் கஷ்டப்பட்டு மேலே வந்தது. சாயா குடித்தார்கள், முற்றத்தில் இறங்கி அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் பார்த்தார்கள், ஜீப்பில் ஏறினார்கள். ஏறும்போது அந்தப் பெண்ணின் மாமா சொன்னது எல்லார் காதிலும் விழுந்தது.

"ஒரு கொடியிலாவது துணி காயுதா பாரு. துணி காயாத ஊருல புள்ளைய எப்படிக் குடுக்க?"

தம்பி அதைக் கேட்டுவிட்டு உள்ளே போய் சாயா டம்ளர்களைக் கழுவினான். அவனுக்கு வருத்தமா என்று யாராலும் சொல்ல முடியவில்லை. ஆனால் பக்கத்து வீட்டுச் சித்திக்கு அது பொறுக்கவில்லை. எனக்கு அவர் சொந்தச் சித்தி இல்லை. சர்ச்சுக்குப் போகிற குடும்பம், நாங்கள் கோயிலுக்குப் போகிற குடும்பம், நடுவில் ஒரே சுவர். புருஷன் போன பிறகு அவரும் பால் வெட்டித்தான் மகளைப் படிக்க வைத்தார். அம்மாவுக்கு முடியாமல் கிடந்தபோது கஞ்சி வைத்துக் கொடுத்தது அவர்தான். என் தம்பியை அவர் பெறவில்லை, அவ்வளவுதான்.

அடுத்த சம்பந்தம் அருமனையிலிருந்து வந்தது. பெண்ணுக்கு முப்பத்தைந்து தாண்டியிருந்தது. முந்திரிக்கொட்டை உடைக்கிற அண்டியாபீஸில் வேலை. அப்பா இல்லை. வீட்டுக் கடமைகளையெல்லாம் தோளில் போட்டு, தங்கைகளைக் கரையேற்றிவிட்டுக் கடைசியில் தன் முறைக்கு வந்தவள். வீடு பார்க்கிற நாள் குறித்ததும் நான் சித்திக்குப் போன் செய்தேன்.

"நீ ஒண்ணும் பேடிக்காத மக்களே. இந்தத் தடவ துணி காயும்" என்று தைரியம் சொன்னார் சித்தி.

முந்தின நாள் நான் முந்திரிக்கொத்தும் அச்சுமுறுக்கும் செய்து எடுத்துக்கொண்டு மேலே போனபோது ஏற்பாடு நடந்துகொண்டிருந்தது. ஒன்பது வீட்டுப் பெண்களும் சேர்ந்து ஆளில்லாத வீடுகளின் முற்றத்தைப் பெருக்கியிருந்தார்கள். வாசலில் பழைய செருப்புகளைக் கொண்டுவந்து ஜோடி ஜோடியாகப் போட்டிருந்தார்கள். தூணுக்குத் தூண் கயிறு கட்டியாகிவிட்டது. காலையில் துணி போட வேண்டியதுதான் பாக்கி. மிச்சமிருந்த ஒரே சாயாக்கடைக்காரரின் மனைவி, அவரும் பால் வெட்டுகிறவர், தன் வீட்டு நைட்டிகளையும் கைலிகளையும் அள்ளிக்கொண்டு வந்தார். சித்தி அதைத் திருப்பி அனுப்பிவிட்டார்.

"ஏட்டி, கறை புடிச்ச துணியக் காட்டவா நாம பாடுபடுதோம்? தரித்திரம் புடிச்ச ஊருன்னு நெனைக்க மாட்டாவளா? நல்லதா நாலு எடுத்துப் போடுங்க."

ஒருவருக்கும் அதில் தப்பாக எதுவும் தெரியவில்லை, எனக்கும்தான். பெண் வீட்டார் வருகிறார்கள் என்றால் நல்லதைத்தானே எடுத்து வைப்போம்? காலையில் பெட்டிகள் திறந்தன. அந்துருண்டை வாசத்தோடு பட்டுச் சேலைகள் வெளியே வந்தன. சிவப்பும் மாம்பழ நிறமும் மயில்கழுத்து நிறமும், சரிகை வேட்டியும். நானும் கட்டிக்கொள்ள ஒன்றை வைத்துக்கொண்டு, கொண்டு போயிருந்த மற்ற இரண்டு பட்டையும் கொடியில் போட்டேன். கடைசி வரிசையில் ஒரு கொடி வெறுமையாகக் கிடப்பதைப் பார்த்துவிட்டுச் சித்தி உள்ளே போனார். கொஞ்ச நேரம் வரவில்லை. வந்தபோது கையில் அவருடைய கல்யாணச் சேலை இருந்தது. சர்ச்சில் தாலி கட்டும்போது உடுத்துகிற, சந்தன நிறம் தட்டின வெள்ளைப் பட்டு.

"இது எதுக்குச் சித்தி?" என்று கேட்டேன்.

"பெட்டிக்குள்ள கெடந்து என்ன செய்யப்போவுது?" என்று சொல்லிவிட்டு அதைக் கயிற்றில் விரித்து, இரண்டு ஓரத்தையும் கையால் இழுத்துவிட்டார்.

பதினொரு மணிக்குத் தம்பி வெட்டு முடிந்து பாலை அளந்து கொடுத்துவிட்டு வந்தான். வந்தவன் முற்றத்திலேயே நின்றுவிட்டான். ஊரே திருவிழாவுக்கு ஜோடித்த மாதிரி இருந்தது. "இது யாருக்க துணி?" என்று கேட்டான். "உனக்க துணி இல்ல, போய்க் குளி" என்று விரட்டினோம். அவன் குளித்து முடிக்கவும் ஜீப் வரவும் சரியாக இருந்தது.

பெண்ணின் மாமா, பெரியம்மா, இன்னும் இரண்டு பேர். கூடவே, யாரும் எதிர்பாராமல், பெண்ணும் இறங்கினாள். சுடிதாரும் ஷாலுமாக, பையைத் தோளில் மாட்டிக்கொண்டு. "இருக்கப்போறவ நான். நானும் பாக்கணும்" என்று வீட்டில் சொல்லி ஏறிவிட்டாளாம். எனக்கு அவளை அப்போதே பிடித்துவிட்டது. ஆனால் அந்தப் பெரியம்மாவைக் கண்டதும் நான் கொடிகளின் பக்கம் ஒரு தடவை திரும்பிப் பார்த்துக்கொண்டேன். ஒல்லியான உருவம், எதையும் விடாத கண். சாயா கொடுத்தபோது டம்ளரை வாங்கின விரல்களைப் பார்த்தேன். கத்தி பிடித்துத் தழும்பு ஏறின விரல்கள்.

பெரியம்மா சாயாவை ஒரு மடக்குக் குடித்துவிட்டு வெளியே பார்த்தார்.

"எல்லாரும் பால் வெட்டுத குடும்பம்தானா?"

"ஆமா, எல்லாரும் தோட்டத்து வேலைதான்" என்றார் சித்தி, பெருமையாக.

"நானும் வெட்டினவதான். எனக்க வீட்டுக் கொடியில கறை இல்லாத துணி ஒண்ணு காட்ட முடியாது. இங்க கறையே இல்லையே?"

சித்தி என்னைப் பார்த்தார். நான் முந்திரிக்கொத்துத் தட்டைப் பார்த்தேன்.

"அது... சர்ச்சுல ஒரு விசேஷம். எல்லாரும் உடுத்தது. அதாக்கும்" என்றார் சித்தி.

"அதுக்குப் பட்டுச் சேலைய வீட்டுல துவைச்சியளா? சோப்புப் போட்டா?"

"சோப்பு இல்ல. சும்மா வெள்ளத்துல ஒரு முக்கு."

"ஓகோ" என்றார் பெரியம்மா. அந்த ஓகோவில் எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன். ஆனால் முடியவில்லை. மலையில் மழைக்கு நேரம் காலம் கிடையாது. வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே மேற்கே காட்டுக்குள் ஒரு இரைச்சல் கேட்டது. எங்களுக்கு அந்த இரைச்சல் தெரியும். இலைகளின் மேல் மழை நடந்து வருகிற சத்தம். இன்னும் ஒரு நிமிஷம் இருக்கிறது.

"ஐயோ, சேல!" என்று யார் முதலில் கத்தினது என்று தெரியவில்லை. அவ்வளவுதான். பெண் வீட்டார், மரியாதை, நாடகம் எல்லாம் பறந்துவிட்டது. அவரவர் வீட்டு வாசலில் ஒன்றும் தெரியாத மாதிரி உட்கார்ந்திருந்த பெண்கள் எல்லோரும் ஓடினார்கள். ஒரு வீட்டிலிருந்து புறப்பட்டவள் ஐந்து வீட்டுக் கொடிகளை நோக்கி ஓடினாள். சாயாக்கடைக்காரர் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு மனைவியின் பட்டைக் காப்பாற்ற ஓடி வந்து வாய்க்காலில் வழுக்கி உட்கார்ந்தார். நானும் கட்டின பட்டோடு, கட்டாத பட்டுக்காக ஓடினேன். எந்த வீட்டுக்குள்ளும் யாரும் ஒதுங்கவில்லை. ஒதுங்க முடியாது, கொடி கட்டின வீடெல்லாம் பூட்டு. அள்ளின சேலைகளை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு எல்லோரும் திரும்பத் தம்பி வீட்டு வராந்தாவுக்கே வந்து சேர்ந்தோம்.

சித்தி மட்டும் பின்தங்கிவிட்டார். அவருக்கு முழங்கால் வலி. கடைசி வரிசைவரை போக முடியாமல் நடுவழியில் நின்று, "எனக்க கர்த்தாவே" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார். அப்போதுதான் பார்த்தேன், அவரைத் தாண்டி ஷால் பறக்க ஒருத்தி ஓடிக்கொண்டிருந்தாள். பெண். வெள்ளைச் சேலையைக் கயிற்றிலிருந்து உருவி, சுருட்டி ஷாலுக்குள் பொதிந்து, மற்றக் கையால் சித்தியின் தோளைப் பிடித்து, நனைந்துகொண்டே நடத்திக் கூட்டி வந்தாள்.

வராந்தாவில் கை நிறையப் பட்டோடு, ஈரக் கோழிகள் மாதிரி நின்றோம். மாமா எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தார்.

"மொத்தம் எத்தன வீட்டுல ஆளு உண்டு?"

நான் வாயைத் திறப்பதற்குள் பின்னாலிருந்து பதில் வந்தது.

"ஒன்பது" என்றான் தம்பி. கையில் ஏத்தன்பழத் தட்டோடு நின்றிருந்தான். அதைக் கீழே வைத்தான். "மத்ததெல்லாம் பூட்டிப் போட்டிருக்கு மாமா. இந்தத் துணியெல்லாம் எனக்காகப் போட்டது. இவங்க மேல தேச்சியப்பட்டுக் கோவிக்காதீங்க. எனக்கு வேலை உண்டு. ஊருல ஆளு இல்ல. எத்தன நாளு இங்க விடுவாங்கன்னும் தெரியாது."

அதற்கு மேல் அவனுக்கு வரவில்லை. பெரியம்மா என் கையிலிருந்த ஒரு சேலையின் முந்தியைப் பிடித்துப் பார்த்து, ஈரம் பட்ட இடத்தைத் தன் சேலையால் ஒற்றிவிட்டுக் கொடுத்தார். மழை விட்டதும் கிளம்பினார்கள். "சொல்லி அனுப்புதோம்" என்றார் மாமா. அந்த வார்த்தைக்கு அர்த்தம் எங்கள் மாவட்டத்தில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

சித்தி அன்று என் மடியில் தலை வைத்து அழுதார். "நானாக்கும் கெடுத்தது. நைட்டியே போட்டிருக்கலாம்." வெள்ளைச் சேலையின் ஓரத்தில் சேறு பட்டிருந்தது. அதை அவர் கண்டுகொள்ளவே இல்லை. தம்பி எங்களுக்கு சாயா போட்டுக் கொடுத்தான். "விடுங்க, சித்தி. நல்லா ஓடுனிய" என்றான். அவன் சிரித்ததைப் பார்த்து எனக்கு இன்னும் அழுகை வந்தது.

ஒரு வாரம் கழித்து, தெரியாத நம்பரிலிருந்து எனக்குப் போன்.

"அக்கா, அந்த வெள்ளச் சேல காஞ்சுதா?"

யாரென்று புரிய எனக்கு ஒரு நிமிஷம் ஆயிற்று.

"காஞ்சுது. ஓரத்துல கொஞ்சம் சேறு."

"நானும் பாத்தேன். சித்திகிட்ட அதத் தேய்க்கண்டாம்னு சொல்லுங்க. தேச்சா பரவிடும். நான் வந்து எடுத்துத் தாறேன்."

"நீ எப்பம்மா வருவ?" என்று கேட்டேன். 

"அத நீங்கதான் நாளு பாத்துச் சொல்லணும்" என்றாள்.

அருமனையில் சின்ன ஹாலில் கல்யாணம் நடந்தது. ஒன்பது வீடும் ஒரே வேனில் இறங்கி வந்தது. எல்லோரும் அதே பட்டுகளைத்தான் உடுத்தியிருந்தோம். பெரியம்மா ஒவ்வொன்றாக அடையாளம் கண்டுபிடித்து, "இது ரெண்டாவது வீடு, இது மூணாவது வீடு" என்று சொல்லிச் சிரித்தார். பிறகு ஒரு நாள் தம்பி மனைவியிடம், எதைப் பார்த்துச் சம்மதித்தாய் என்று கேட்டேன். என் தம்பியின் உண்மையைப் பார்த்து என்று சொல்லுவாள் என்று எதிர்பார்த்தேன். கொஞ்சம் அதற்காகத்தான் கேட்டதும்.

"நீங்க எல்லாரும் ஓடுனத நெனச்சு மூணு நாளு சிரிச்சேன் அக்கா. அண்டியாபீஸுல உக்காந்து தனியாச் சிரிக்கேன். எங்க வீட்டுல சிரிச்சு ரொம்ப நாளாச்சு. பின்ன இவரும் மோசமில்ல" என்றாள்.

அவள் குலசேகரம் பக்கத்து அண்டியாபீஸுக்கு வேலையை மாற்றிக்கொண்டாள். காலை பஸ்ஸில் கீழே போய் சாயங்கால பஸ்ஸில் ஏறி வருவாள். ஊர் அதற்காக ஒன்றும் பிழைத்துவிடவில்லை. ஒரு மருமகள் வந்தால் ஊர் பிழைக்குமா? ஒன்பது ஏழாகி, ஏழு ஐந்தாயிற்று. போன மழைக்காலம் முடிந்ததும், மிச்சமிருக்கிறவர்களும் வீட்டை விட்டுக் கீழே போக வேண்டும், வேலை கீழ்த் தோட்டத்தில் என்று ஆபீஸிலிருந்து சொல்லிவிட்டார்கள். லைன் வீடுகள் இனி காட்டுக்கு.

செய்தி கேட்ட அன்றே நான் புறப்பட்டேன். தம்பி பிறந்து வளர்ந்த இடம். அப்பாவும் அம்மாவும் செத்தது அந்த வீட்டில். அவன் வெளியே காட்டமாட்டான், உள்ளுக்குள் வைத்துப் புழுங்குவான், பழையபடி பேச்சை நிறுத்திவிடுவான் என்று எனக்குப் பதைப்பு. பஸ்ஸில் வழி நெடுக ஆறுதல் வார்த்தைகளை யோசித்துக்கொண்டே போனேன். எது எதற்கு முன்னால் சொல்ல வேண்டும் என்பதுவரை யோசித்து வைத்திருந்தேன்.

ரோடு முடிகிற இடத்தில் இறங்கி நடந்தேன். ஆளரவம் இல்லை. வரிசைக்கு வரிசை புல் இடுப்பளவு. எங்கள் வரிசை திரும்பினதும் சத்தம் கேட்டது. தம்பி வீட்டுக்குள்ளிருந்து. திருடனோ என்று பையை இறுக்கிப் பிடித்தேன். பிறகு குரல் புரிந்தது.

"என்கிட்ட ஒரு வார்த்த கேட்டியளா? அட்வான்ஸ் குடுத்தாச்சாம்! அடுக்களைக்கு ஜன்னலே இல்லாத வீடு. நான் என்ன, புகைக்கூட்டுக்குள்ள ஷீட் காயப்போடுத மாதிரி நின்னு சமைக்கவா?"

"ஜன்னல் என்னத்துக்கு? நீ ஜன்னல் வழியா என்னத்தப் பாக்கப்போற? பஸ் ஸ்டாப்பு பக்கத்துல, கிணறு பக்கத்துல, உனக்க அம்மா வீட்டுக்கு ஒரே பஸ்ஸு. இதெல்லாம் யாருக்காகப் பாத்தேன்? எனக்கா? எனக்கு எங்க படுத்தா என்ன? ரெண்டு வாரமா ஒவ்வொரு வீடா ஏறி இறங்கி, கால் தேஞ்சு, கடைசில ஒண்ணு அமைஞ்சா, ஜன்னல் இல்லையாம், ஜன்னல்! ஆபீஸ்காரன்கூட என்னய இப்படிக் கேள்வி கேட்டதில்ல!"

நான் நின்றுவிட்டேன். என் தம்பி இத்தனை வார்த்தைகளை ஒரே மூச்சில் பேசி என் ஆயுளில் நான் கேட்டதில்லை.

பக்கத்து வீட்டு வராந்தாவில் சித்தி சாமான்களை மூட்டை கட்டிப் பாதியில் விட்டுவிட்டு, கால் நீட்டி உட்கார்ந்திருந்தார். அவரும் மகள் வீட்டுக்குப் போகிறார். என்னைக் கண்டதும் விரலை உதட்டில் வைத்தார். பிறகு பக்கத்தில் இடத்தைத் தட்டிக் காட்டினார்.

"இரி மக்களே. இப்பப் போவாத" என்று காதோடு சொன்னார். "காலம்பற தொடங்கினது. இன்னும் பாதி கெடக்கு."

நான் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். யோசித்து வைத்திருந்த ஆறுதலில் ஒரு வார்த்தைகூட ஞாபகம் இல்லை. உள்ளே அவள் ஏதோ பாத்திரத்தை 'டங்'கென்று வைத்தாள். தம்பி குரலை உயர்த்தினான். அவள் அதற்கும் மேலே உயர்த்தினாள். சித்தி வாயைப் பொத்திச் சிரித்தார், எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. இந்தச் சண்டை சீக்கிரம் தீர்ந்துவிடக் கூடாதே என்று நான் தெய்வத்தை வேண்டிக்கொண்டு, கதவைத் தட்டாமல் அங்கேயே இருந்தேன்.